லிபரலும் தேசியவாதியும் ஒரே ஆளா இருந்த காலம்

இன்னைக்கு யாராவது தன்னை லிபரல்னு சொன்னா, அவருக்கு எதிர்ப்பக்கம் நிக்கிறவர் தேசியவாதின்னு நாமளே முடிவு பண்ணிக்கிறோம். நானும் பல வருஷமா அப்படித்தான் நெனச்சிட்டிருந்தேன். அப்புறம் 19ஆம் நூற்றாண்டு ஐரோப்பா வரலாறை கொஞ்சம் பொறுமையா உக்காந்து படிக்க ஆரம்பிச்சப்போ அந்த நெனப்பு ஆட்டம் கண்டுடுச்சு. 1820கள்ல ஒரு ஜெர்மன் காலேஜ் பையன் கறுப்பு, சிவப்பு, தங்க நிறக் கொடிய வச்சிருந்தா போலீஸ் அவனைத் தேடி வரும். அந்தக் கொடி ஜெர்மனி ஒண்ணாகணும்னும் சொல்லுது, எங்களுக்கு ஒரு கான்ஸ்டிடியூஷன் வேணும், பத்திரிகைக்கு சென்சார் கூடாதுன்னும் சொல்லுது, இது ரெண்டும் வேற வேற கோரிக்கைன்னு அந்தப் பையனுக்கும் தோணல, அவனைப் புடிக்க வந்த போலீசுக்கும் தோணல.

1832 மே 27ஆம் தேதி ஜெர்மனியில ஹம்பாக்னு ஒரு எடத்துல, இடிஞ்சு கெடந்த ஒரு கோட்டைக்கு மேல இருபதாயிரம் பேருக்கு மேல ஏறிப் போனாங்க. திருவிழான்னு பேரு வச்சாங்க, ஏன்னா அரசியல் கூட்டத்துக்கு அனுமதி கெடையாது. ஜெர்மன் ஒற்றுமை, பேச்சு சுதந்திரம், மக்களாட்சி எல்லாத்தையும் ஒரே மேடையில பேசினாங்க. எனக்கு அதுல ரொம்பப் புடிச்ச விஷயம் என்னன்னா ஜெர்மன் கொடி பக்கத்துலயே போலந்து கொடியும் இருந்துச்சு. 1830 நவம்பர்ல ரஷ்யாவ எதிர்த்து எழுந்து தோத்துப்போன போலந்துக்காரங்க அகதிகளா ஜெர்மனி வழியா பாரிஸ் பக்கம் போயிட்டிருந்தாங்க, போற ஊர்லயெல்லாம் ஜெர்மன் ஜனங்க அவங்களுக்கு சாப்பாடு போட்டு, தங்க எடம் குடுத்து, பாட்டுப் பாடி வரவேத்தாங்க. 'உங்க சுதந்திரத்துக்கும் எங்க சுதந்திரத்துக்கும்'ங்கறது அந்தப் போலந்துக்காரங்களோட கோஷம். அதை அப்போ எல்லாரும் மனசார நம்பினாங்க.

ஏன் ரெண்டும் ஒட்டிக்கிட்டே பொறந்துச்சுன்னு யோசிச்சா அதுக்கு நல்ல காரணம் இருக்கு. 1815ல வியன்னா மாநாடு முடிஞ்சப்போ ஐரோப்பாவ ராஜகுடும்பங்க தங்களுக்குள்ள பாகம் பிரிச்ச சொத்து மாதிரிதான் பிரிச்சாங்க. லொம்பார்டியும் வெனிஸும் ஆஸ்திரியா பேரரசருக்கு, போலந்துல பெரிய பங்கு ரஷ்ய ஜாருக்கு, ஜெர்மன் நிலத்துல 39 அரசுகள். அங்க இருக்கற ஜனங்கள யாரும் ஒரு வார்த்தை கேக்கல. அப்போ 'நாடு ராஜாவோட சொத்து இல்ல, மக்களோடது'ன்னு சொல்ற லிபரலும், 'எங்கள இப்படி துண்டு துண்டா வெட்டி வச்சிருக்கீங்களே'ன்னு கேக்கற தேசியவாதியும் ஒரே ஆளாத்தான் இருக்க முடியும். ரெண்டு பேருக்கும் எதிரி ஒருத்தர்தான், ஆஸ்திரியாவோட வெளியுறவு மந்திரி மெட்டர்னிக். 1819ல கார்ல்ஸ்பாட் ஆணைகள் வழியா யூனிவர்சிட்டிக்குள்ள கண்காணிப்பு, பத்திரிகைக்கு சென்சார்னு அவர் கொண்டுவந்தப்போ ரெண்டையும் ஒரே வியாதியாத்தான் பாத்தார்.

அதுக்கு முன்னாடியே, 1789 ஆகஸ்ட்ல பிரெஞ்சுப் புரட்சி வெளியிட்ட உரிமைப் பிரகடனத்துலயே இது இருக்கு. மனுஷனோட உரிமைகளப் பத்திப் பேசற அதே பிரகடனத்தோட மூணாவது பிரிவு, இறையாண்மை எல்லாம் தேசத்துக்கிட்டதான் இருக்குன்னு சொல்லுது. ஒரு பக்கம் எந்த ஊர்க்காரனா இருந்தாலும் மனுஷனாப் பொறந்தாலே உரிமை உண்டு, இன்னொரு பக்கம் அதிகாரம் மட்டும் தேசத்துக்கு. தேசம்னா யாருங்கற கேள்விக்கு அங்க பதில் இல்ல. அந்த நேரத்துல அது ஒரு கேள்வியாவே யாருக்கும் படல, பிரான்ஸ்னா எதுன்னு எல்லாருக்கும் தெரியும்னு நெனச்சுட்டாங்க.

எதிர்காலத்துல என்ன வரப்போகுதுன்னு காட்டற மாதிரி ஒரு விஷயம் ரொம்ப சீக்கிரமே நடந்துடுச்சு, அதையும் சொல்லிடறேன். 1817 அக்டோபர்ல வார்ட்பர்க் கோட்டையில ஜெர்மன் மாணவர்கள் கூடி சுதந்திரம், ஒற்றுமைன்னு பேசினாங்க, அன்னைக்கு ராத்திரி புடிக்காத புத்தகங்கள நெருப்புல போட்டாங்க. அதுல நெப்போலியனோட சட்டத்தொகுப்பும் இருந்துச்சு, சால் ஆஷர்னு ஒரு யூத எழுத்தாளர் எழுதின புத்தகமும் இருந்துச்சு. ஜெர்மன் வெறி அளவு மீறிப் போகுது, யூதர்கள ஒதுக்கப் பாக்குதுன்னு எச்சரிச்சவர் அவர். சென்சார் கூடாதுன்னு சொல்ற பசங்கதான் அந்த எச்சரிக்கைய எரிச்சாங்க. படிக்கறப்போ எனக்கு ரொம்ப நேரம் மனசு ஆறல.

சரி, 1848க்கு வர்றேன், ஏன்னா எனக்கு மொத்தக் கதையும் அந்த ஒரு வருஷத்துலதான் இருக்கு. பிப்ரவரியில பாரிஸ், மார்ச்ல வியன்னா, பெர்லின், மிலான், ஹங்கேரியோட பெஸ்ட் நகரம், வெனிஸ்னு ஒண்ணு பின்னாடி ஒண்ணா எழுந்துச்சு. மெட்டர்னிக் ஊர விட்டே ஓடினார். மார்ச் 20ஆம் தேதி பெர்லின்ல மோவாபிட் ஜெயில்ல இருந்த போலந்து கைதிகள வெளிய விட்டப்போ ஜனங்க அவங்கள வண்டியில வச்சு ஊர்வலமா கூட்டிட்டுப் போனாங்க, அதுல மியரோஸ்லாவ்ஸ்கிங்கற புரட்சித் தலைவரும் இருந்தார். அடுத்து ஃப்ராங்க்ஃபர்ட்ல கூடின முன்னோடிக் கூட்டம், போலந்தைப் பங்கு போட்டது வெக்கக்கேடான அநியாயம், அதைத் திரும்ப உருவாக்கறது ஜெர்மன் மக்களோட புனிதக் கடமைன்னே தீர்மானம் போட்டுச்சு. மே 18ஆம் தேதி அதே ஊர்ல பவுல் சர்ச்சுல மொத்த ஜெர்மனிக்கும் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் பார்லிமெண்ட் உக்காந்துச்சு. புரொபசருங்க, வக்கீலுங்க, ஜட்ஜுங்கன்னு படிச்சவங்க நெறஞ்ச சபை.

ஜூலை கடைசியில அந்த சபைக்கு முன்னாடி போசன் விவகாரம் வந்துச்சு. போசன், ஜெர்மன் அரசுகள்ல பெரிய ஒண்ணான பிரஷ்யாவுக்குக் கீழ இருந்த மாகாணம், பெரும்பான்மை போலந்துக்காரங்க, ஆனா ஜெர்மன்காரங்களும் லட்சக்கணக்குல இருந்தாங்க. இதுக்குள்ள அங்க போலந்துக்காரங்க எழுந்து, பிரஷ்ய ராணுவம் அவங்கள அடக்கியும் முடிச்சிருந்துச்சு. இப்போ அந்த மாகாணத்தோட பெரும்பகுதிய ஜெர்மனிக்குள்ள சேக்கலாமாங்கறது கேள்வி. வில்ஹெல்ம் யோர்டான் எழுந்து பேசினார். அவர் பழமைவாதி கெடையாது, இடதுசாரிப் பக்கம் உக்காந்திருந்த ஜனநாயகவாதி. அவர் சொன்னதோட சாரம், போலந்துக்காக உருகினது போதும், இனி நமக்குத் தேவை ஆரோக்கியமான தேசிய சுயநலம், நம்ம உரிமைங்கறது பலசாலியோட உரிமை, ஜெயிச்சவனோட உரிமை. சபை கைதட்டுச்சு. ஓட்டெடுப்புல சேக்கணும்னு 342 பேர், வேண்டாம்னு 31 பேர்.

பெர்லின் தெருவுல போலந்துக்காரங்கள ஊர்வலமா கூட்டிட்டுப் போனதுக்கும் இந்த ஓட்டுக்கும் நடுவுல வெறும் நாலு மாசம். இந்த 342 பேரும் திடீர்னு கெட்டவங்களா ஆகல. இதே சபைதான் டிசம்பர்ல அடிப்படை உரிமைகள் சட்டம் போட்டுச்சு, அடுத்த வருஷம் அது முடிச்ச அரசியலமைப்புல ஜெர்மன் பேசாத மக்களுக்கு அவங்க மொழி, சர்ச், கல்வி எல்லாத்துக்கும் பாதுகாப்புன்னு ஒரு பிரிவே இருந்துச்சு. அதனாலதான் எனக்கு இது இன்னும் கஷ்டமா இருக்கு. சுதந்திரத்துல நெசமாவே நம்பிக்கை வச்சிருந்தவங்கதான் எல்லைக்கோடு போடற நேரத்துல இப்படிக் கை தூக்கினாங்க. எதிர்க்கறதுக்கு ராபர்ட் ப்ளூம் மாதிரி சிலர்தான் இருந்தாங்க. ஏழைக் குடும்பத்துல பொறந்து தானாப் படிச்சு மேல வந்தவர். ஒரு எடத்துல மொழியக் காட்டி நெலம் கேக்குறது, இன்னொரு எடத்துல பழைய எல்லையக் காட்டிக் கேக்குறதுன்னு இருக்கக்கூடாது, எல்லா எடத்துக்கும் ஒரே அளவுகோல் வைங்கன்னு வாதாடினார்.

இதுக்கு ஒரு மாசம் முன்னாடி ப்ராக் நகரத்துல செக், போலந்து, குரோட் மாதிரி ஸ்லாவ் மொழிகள் பேசற மக்களோட மாநாடு நடந்துச்சு. ஃப்ராங்க்ஃபர்ட்டுக்கு வாங்கன்னு கூப்ட்டப்போ பலாட்ஸ்கிங்கற செக் வரலாற்றாசிரியர் 'நான் ஸ்லாவ் வம்சத்துல வந்த போஹேமியன், ஜெர்மன் சபையில எனக்கு வேலை இல்ல'ன்னு பதில் எழுதிட்டார். அவரும் லிபரல்தான், அதை மறந்துடக் கூடாது. ஜூன்ல ப்ராக்ல கலவரம் வெடிச்சப்போ விண்டிஷ்க்ரேட்ஸ்ங்கற ஆஸ்திரிய தளபதி ஊர் மேல குண்டு போட்டு அடக்கினார், ஜெர்மன் லிபரல்கள்ல பல பேர் அதுக்கு சந்தோஷப்பட்டாங்க, செக் திமிர் அடங்குச்சுன்னு. அக்டோபர்ல அதே விண்டிஷ்க்ரேட்ஸ் வியன்னாவ முற்றுகை போட்டு புரட்சிய நசுக்கினார். ஃப்ராங்க்ஃபர்ட் சபையிலேர்ந்து வியன்னாவுக்குப் போயிருந்த ராபர்ட் ப்ளூமைப் புடிச்சு, எம்.பி.ங்கற பாதுகாப்பெல்லாம் செல்லாதுன்னு ராணுவக் கோர்ட்ல நிறுத்தி, நவம்பர் 9ஆம் தேதி சுட்டுக் கொன்னாங்க. ஜூன்ல கைதட்டினவங்களுக்கு நவம்பர்ல பேச வார்த்தை இல்ல. பேரரசர்களுக்கு இது நல்லாப் புரிஞ்சிருந்துச்சு, ஒவ்வொரு தேசத்தோட சுதந்திரத்தையும் பக்கத்து தேசத்து ஆள வச்சே அடக்கலாம்னு.

நல்லவங்க ஏன் இப்படி ஆனாங்கங்கறதுக்கு நான் ரொம்ப நாள் பதில் தேடினேன், இப்போ எனக்குத் தோணறதச் சொல்றேன். பழைய பேரரசுக்கு ஜனங்க எந்த பாஷை பேசினாலும் கவலை இல்ல, வரி வந்தாப் போதும், சிப்பாய் வந்தாப் போதும். ஆஸ்திரியப் பேரரசுக்குள்ள இருந்த ஹங்கேரியோட சட்டசபையில 1844 வரைக்கும் ஆட்சிமொழி லத்தீன், அது யாரோட தாய்மொழியும் இல்லாததால யாருக்கும் சண்டையும் பெருசா இல்ல. லிபரல் அரசு வந்தா என்ன ஆகுது? பார்லிமெண்ட்ல பேசணும், எந்த பாஷையில? ஜூரி வச்சு விசாரிக்கணும், எந்த பாஷையில? எல்லாக் குழந்தைக்கும் ஸ்கூல் வேணும், பத்திரிகை வேணும், எலெக்‌ஷன் பிரச்சாரம் வேணும், எல்லாமே பேச்சு, எழுத்து. அதாவது சுதந்திரத்தோட ஒவ்வொரு கருவியும் பாஷையாலதான் ஓடுது, அதனால சுதந்திரம் வர வர பாஷை சண்டையும் கூடவே வந்துச்சு. ஹங்கேரியன் கட்டாயம்னு ஆனப்போ குரோஷிய உறுப்பினர்கள் லத்தீன்லதான் பேசுவோம்னு புடிவாதமா நின்னாங்க, செத்த பாஷைய அவங்க ஒரு கேடயமா வச்சிருந்தாங்க. தேசியவாதம் வெளியிலேர்ந்து வந்து லிபரலிசத்தக் கெடுத்துடுச்சுன்னு சொல்றவங்க இந்த எடத்தப் பாக்கணும்னு எனக்குத் தோணுது. 'மக்கள் ஆளட்டும்'னு சொன்ன அந்த நிமிஷமே 'எந்த மக்கள்'ங்கற கேள்விய லிபரலிசமே பெத்து வச்சிடுச்சு.

இங்கிலாந்துல ரெண்டு பெரிய லிபரல்கள் இதே விஷயத்துல நேரெதிரா நின்னாங்க. ஜான் ஸ்டூவர்ட் மில் 1861ல, பல தேசிய இனம் இருக்கற நாட்டுல சுதந்திர அமைப்புகள் நடக்கறது கிட்டத்தட்ட முடியாதுன்னு எழுதினார், ஒரே பத்திரிகைய எல்லாரும் படிக்கலன்னா பொதுக்கருத்து எப்படி உருவாகும்ங்கறது அவரோட வாதம். அதோட நிறுத்தியிருந்தா சரி, பிரெட்டன்காரனும் பாஸ்க்காரனும் தன் மலையில ஒதுங்கிக் கெடக்கறதவிட பிரெஞ்சு தேசத்துல கரைஞ்சுடறது அவனுக்கே நல்லதுன்னும் சொல்லிட்டார். அடுத்த வருஷமே ஆக்டன் பிரபு மறுத்து எழுதினார், பல தேசங்கள் ஒரே அரசுக்குள்ள சேந்து வாழறதுதான் சுதந்திரத்துக்குப் பரீட்சையும் பாதுகாப்பும்னு. ஆக்டன் சொன்னது என் மனசுக்கு நெருக்கமா இருக்கு, ஆனா அவர் மனசுல வச்சிருந்த உதாரணங்கள்ல ஒண்ணு ஆஸ்திரியப் பேரரசு, அங்க வாழ்ந்த ஜனங்ககிட்ட கேட்டிருந்தா ஒத்துக்கிட்டிருப்பாங்களான்னு சந்தேகம்தான். இத்தாலியப் புரட்சியாளர் மாட்சினியையும் நான் ரொம்ப மதிக்கிறேன். 1834ல பெர்ன் நகரத்துல இத்தாலி, ஜெர்மனி, போலந்து அகதிகள ஒண்ணு சேத்து இளம் ஐரோப்பான்னு சங்கம் வச்ச மனுஷன், ஒவ்வொரு தேசமும் மனிதகுலத்துக்கு ஒரு கடமை செய்ய வந்திருக்குன்னு நம்பினவர். அவரே அயர்லாந்து தனி தேசம்னு ஏத்துக்கல. யார் தேசம், யார் தேசம் இல்லைன்னு முடிவு பண்ற எடத்துல அவ்ளோ பெரிய மனசும் சுருங்கிடுது.

1866 பத்தி சுருக்கமாச் சொல்லிடறேன், அது பல எடத்துல எழுதப்பட்ட கதை. பிரஷ்ய பார்லிமெண்ட் ராணுவ பட்ஜெட்டுக்கு ஒத்துக்கல, பிரஷ்யாவோட பிரதம மந்திரி பிஸ்மார்க் 1862லேர்ந்து நாலு வருஷம் பட்ஜெட் ஒப்புதல் இல்லாமலே ஆட்சி நடத்தினார், லிபரல்கள் அவரை சட்டத்த மீறினவர்னு திட்டிட்டே இருந்தாங்க. 1866 ஜூலை 3ஆம் தேதி க்யோனிக்ரேட்ஸ்ல ஆஸ்திரியாவத் தோக்கடிச்சார். செப்டம்பர்ல அந்த நாலு வருஷத்தையும் மன்னிச்சு ஏத்துக்கற மசோதா வந்துச்சு, 230 ஓட்டு ஆதரவு, 75 எதிர்ப்பு. தேசிய லிபரல் கட்சின்னு தனியாப் பிரிஞ்சவங்க பிஸ்மார்க்கோட கைகோத்தாங்க. ஒற்றுமை வந்தா சுதந்திரம் பின்னாடியே வந்துடும்னு அவங்க கணக்குப் போட்டாங்க. பார்லிமெண்டோட ஒரே ஆயுதம் பணப்பைதான், அதைக் கையால எடுத்துக் குடுத்துட்டு அப்படி ஒரு கணக்கு.

அதிகம் பேசப்படாத ஒரு உதாரணம் ருமேனியா. 1866ல அவங்க போட்ட அரசியலமைப்பு பெல்ஜியத்தோட 1831 அரசியலமைப்பப் பாத்து எழுதினது, அந்தக் காலத்துல ஐரோப்பாவுலயே லிபரல்னு பேர் வாங்கினது அது. அதோட ஏழாவது பிரிவு, வெளிநாட்டவர்ல கிறிஸ்தவங்களுக்கு மட்டும்தான் குடியுரிமை கெடைக்கும்னு சொல்லுச்சு. தலைமுறை தலைமுறையா அங்கயே பொறந்து வளந்த யூதர்களையும் அது வெளிநாட்டவர்னு ஆக்கிடுச்சு. 1848ல பாரிஸ் தெருவுலயும் புக்கரெஸ்ட் தெருவுலயும் சுதந்திரம் பேசின இயோன் பிரடியானு 1867ல உள்துறை மந்திரியா இருந்து, யூதர்கள கிராமங்கள்லேர்ந்து விரட்டற உத்தரவப் போட்டார். லிபரல் அரசியலமைப்புங்கறது உள்ள இருக்கறவங்களுக்கு எவ்ளோ நல்லதோ, கதவுக்கு வெளிய நிறுத்தப்பட்டவனுக்கு அவ்ளோ கொடுமை, ஏன்னா எல்லா உரிமையும் குடியுரிமைங்கற ஒரே ஆணியிலதான் தொங்குது.

எல்லாமே இப்படித்தான் முடிஞ்சுதுன்னு நெனச்சுடாதீங்க. 1905ல நார்வே ஸ்வீடன்கிட்டேர்ந்து பிரிஞ்சப்போ ஆகஸ்ட் 13ஆம் தேதி மக்கள்கிட்ட ஓட்டு கேட்டாங்க, பிரியலாம்னு 3,68,208 பேர், வேண்டாம்னு 184 பேர். பொம்பளைங்களுக்கு அப்போ அந்த ஓட்டு கெடையாது, அவங்க தனியா ரெண்டு லட்சத்துக்கும் மேல கையெழுத்து வாங்கி அனுப்பினாங்க. ரெண்டு பக்கமும் படை எல்லைக்குப் போச்சு, ஆனா பேசித் தீத்தாங்க, எல்லையில இருந்த கோட்டைகள இடிக்க ஒத்துக்கிட்டாங்க. ஆனா அங்க ஒரு வசதி இருந்துச்சு, எல்லை எதுன்னு ரெண்டு பேருக்கும் முன்னாடியே தெரியும், நடுவுல ஒரு போசன் இல்ல.

ஹங்கேரியக் கதைய நான் வேணும்னே கடைசிக்கு வச்சிருக்கேன், ஏன்னா அதுதான் என்னை விடாம தொந்தரவு பண்ணுது. 1848 மார்ச் 15ஆம் தேதி பெஸ்ட் நகரத்துல பெட்யோஃபிங்கற 25 வயசுக் கவிஞரும் நண்பர்களும் பன்னெண்டு கோரிக்கைய சென்சார் அனுமதி வாங்காமலே அச்சடிச்சாங்க, முதல் கோரிக்கையே பத்திரிகை சுதந்திரம். ஏப்ரல்ல சட்டங்கள் வந்துச்சு, பண்ணையடிமை முறை ஒழிஞ்சுது, பொறுப்புள்ள மந்திரிசபை வந்துச்சு. ஆனா ஹங்கேரி ராஜ்யத்துல ஹங்கேரியன் பேசறவங்க பாதிகூட இல்ல. குரோட்டுகள், செர்புகள், ருமேனியர்கள், ஸ்லோவாக்குகள் எல்லாரும் கேட்டது, எங்களையும் ஒரு தேசமா ஒத்துக்கங்கன்னு. ஹங்கேரியப் புரட்சியோட தலைவர் கொஷூத் சொன்னது, ஒவ்வொரு ஆளுக்கும் முழு உரிமை உண்டு, ஆனா இந்த நாட்டுல அரசியல் தேசம் ஒண்ணுதான். அவர் அதை பெருந்தன்மைன்னு நெசமாவே நம்பினார், அதுல எனக்கு சந்தேகமே இல்ல. செப்டம்பர்ல யெலாசிச் தலைமையில குரோட் படை எல்லை தாண்டி வந்துச்சு, தெற்குல செர்புகளோட போர், ஹங்கேரியர்களும் ருமேனியர்களும் கலந்திருந்த டிரான்சில்வேனியாவுல ஜனங்க பக்கத்து கிராமத்தையே எரிச்சாங்க. வியன்னாவுல இருந்த ஆஸ்திரிய அரசு எல்லாத்தையும் பயன்படுத்திக்கிச்சு. ஹங்கேரியனுக்கு தண்டனையாக் கெடச்சதே மத்தவங்களுக்கு பரிசாக் கெடச்சதுன்னு பின்னாடி சொன்னாங்க, ஏன்னா ஆஸ்திரியா ஜெயிச்சப்புறம் எல்லார் மேலயும் வந்தது ஒரே சர்வாதிகாரம்தான்.

இதுக்கு நடுவுல ருமேனியப் புரட்சியாளர் பால்செஸ்கு ஹங்கேரியர்களுக்கும் ருமேனியர்களுக்கும் நடுவுல அலைஞ்சு அலைஞ்சு, 1849 ஜூலை 14ஆம் தேதி கொஷூத்தோட ஒரு சமாதான ஒப்பந்தம் போட வச்சார். ஜூலை 28ஆம் தேதி செகெட் நகரத்துல, ஆஸ்திரியாவுக்கு உதவ வந்த ரஷ்யப் படை நெருங்கிட்டிருக்கற நேரத்துல, ஹங்கேரி பார்லிமெண்ட் தேசிய இனங்களுக்கான சட்டத்த நிறைவேத்துச்சு. உள்ளூர் நிர்வாகத்துல, ஆரம்பப் பள்ளியில அவங்கவங்க பாஷைய பயன்படுத்தலாம்னு அது சொல்லுச்சு. யூதர்களுக்கு சம உரிமை தர்ற சட்டமும் அதே நாள்ல வந்துச்சு. பதினாறாவது நாள், ஆகஸ்ட் 13ஆம் தேதி, விலாகோஷ்ல ஹங்கேரியப் படை ஆயுதத்தக் கீழ வச்சுது.

சட்டம் வந்து மூணாவது நாள், ஜூலை 31ஆம் தேதி, டிரான்சில்வேனியாவுல ஷெகெஷ்வார்ங்கற எடத்துல நடந்த சண்டையில பெட்யோஃபி காணாமப் போனார். ஹங்கேரியோட தேசியக் கவிஞர்னு இன்னைக்கும் கொண்டாடறாங்களே, அவரேதான். அவர் பொறந்தப்போ வச்ச குடும்பப் பேர் பெட்ரோவிச், அவரோட அம்மா ஸ்லோவாக் குடும்பத்துல பொறந்தவங்க. அந்தச் சட்டம் காப்பாத்த வந்த பாஷைகள்ல அவங்க அம்மா பாஷையும் ஒண்ணு. அவரோட உடம்பு இதுதான்னு கடைசி வரைக்கும் யாராலயும் அடையாளம் காட்ட முடியல.